பார்த்துக்கொண்டே போனவள்

நேற்று மாலை தாம்பரம் மேற்கில், மார்க்கெட்டுக்குப் போகும் சந்தின் முனையில் ரெயின்கோட் கடை போட்டிருந்தார்கள். இரண்டு மின்கம்பங்களுக்கு நடுவே கயிறு கட்டி, அது தொய்ந்து போகும் அளவுக்குக் கோட்டுகளைத் தொங்கவிட்டிருந்தார் கடைக்காரர். மழை இன்னும் தொடங்கவில்லை. வெயிலில் சூடேறிய புது பிளாஸ்டிக்கின் வாடை சந்து முழுக்க இருந்தது. அது மூக்கில் ஏறியதும் என் கால்கள் நின்றுவிட்டன.

"இன்னாமா, பாத்துகினே கீற? லேடீஸ் சைஸா, ஜென்ட்ஸா?" என்றார்.

நான் பையைத் தோளில் ஏற்றிக்கொண்டேன்.

"கலர் சொல்லும்மா, எட்த்துத் தரேன். மஞ்சா கீது, ப்ளூ கீது, கறுப்பு கீது."

தலையை மட்டும் ஆட்டிவிட்டு நடந்தேன். ஸ்டேஷன் படிக்கட்டு வரைக்கும் அந்த வாடை கூடவே வந்தது. அதனால்தான் இன்று காலை இதை எழுத உட்கார்ந்தேன். உன்னிடம் சொல்ல வேண்டியது ஒன்றே ஒன்றுதான். நான் உன்னைப் பார்க்கவில்லை. இந்த ஒரு வருடத்தில் இதைக் கம்பெனியில் சொன்னேன், வீட்டில் சொன்னேன், உன் அம்மாவிடம் சொன்னேன், எழுதிக் கையெழுத்துப் போட்டும் கொடுத்தேன். தெரிய வேண்டிய உனக்கு மட்டும் சொல்லவில்லை.

நம் வேலை உனக்குத் தெரியும். தெரிந்ததையே எழுதுகிறேன் என்று சிரிக்காதே. வரிசையாக எழுதிப் பார்த்தால்தான் எனக்கே தெளிவாகிறது. வட்ட விளக்கு, நடுவில் லென்ஸ், அதன் கீழே ஒவ்வொன்றாக வந்து நிற்கும் பச்சை நிற சர்க்யூட் போர்டுகள். ஒரு போர்டுக்கு இருபது விநாடி. இரண்டு ஈயப் புள்ளிகள் ஒன்றோடொன்று ஒட்டிக்கொண்டிருக்கின்றனவா என்று நான் பார்க்க வேண்டும். பாகங்கள் தலைகீழாகப் பொருத்தப்பட்டிருக்கின்றனவா என்று பக்கத்தில் நீ பார்ப்பாய். நீ பார்த்து நகர்த்தியதை நான் பார்த்து முத்திரை வைப்பேன். சேர்ந்த முதல் நாளே சூப்பர்வைசர் சொல்லிவிட்டார்: "அவங்கவங்க லிஸ்ட்ல இருக்கறத மட்டும் தேடுங்க. எல்லாத்தையும் பாக்கணும்னு நெனச்சா ஒண்ணும் பாக்க மாட்டீங்க."

எங்கள் வீட்டில் பட்டம் வாங்கிய முதல் ஆள் நான். அப்பா கட்டடங்களில் சென்ட்ரிங் வேலைக்குப் போகிறவர். கோவிலம்பாக்கத்தில் எங்கள் தெருக்காரர்கள், "இன்னா வேலை பாக்குது உன் பொண்ணு?" என்று கேட்டால், "பாக்குறதுதான் வேலையே" என்று சொல்லிவிட்டுத் தானே சிரித்துக்கொள்வார். எனக்கும் அதில் பெருமைதான். பேச வராத பெண்ணுக்கு வேறு என்ன இருக்கிறது? பேசுகிறவர்கள் பேசிக்கொண்டிருப்பார்கள், நான் பார்த்துக்கொண்டிருப்பேன். கம்பெனி பஸ்ஸில் உன் காதோரம், "மூணாவது சீட்டு அக்கா தோடு மாத்திருக்காங்க", "டிரைவர் அண்ணா நேத்து தூங்கல" என்று முணுமுணுப்பேன்.

"ஊமச்சி, நீ வாயத் தொறந்தா சிஐடி ரிப்போர்ட்தான்டி வருது" என்பாய்.

என் கண்ணுக்கு எதுவும் தப்பாது என்று நான் நம்பினேன். நீயும் அப்படித்தான் நம்பினாய். இதை மறக்காமல் எழுத வேண்டும். இல்லாவிட்டால் மற்றது புரியாது.

உன் மஞ்சள் ரெயின்கோட்டைக் குழந்தைகள் பிரிவில் வாங்கினாய். முதுகில் வாத்துப் படம். உன் உயரத்துக்கு அது கச்சிதமாக இருந்தது. பஸ்ஸில் எல்லோரும் கிண்டல் செய்தபோது, "சிரிங்கடி. இத்தன பேர் நடுவுல டிரைவர் அண்ணாவுக்கு நான் தெரியணும்ல?" என்றாய். நிஜமாகவே மழை நாட்களில் தாம்பரம் நிறுத்தத்தில் முதலில் தெரிவது நீதான். கோவிலம்பாக்கத்திலிருந்து மேடவாக்கம் வழியாக வரும் எனக்கு, தூரத்திலேயே அந்த மஞ்சள் புள்ளி தெரிந்துவிடும்.

அந்த மழை நாளுக்கு முந்தைய நாள் நமக்குள் நடந்த சண்டையைப் பற்றியும் எழுதத்தான் வேண்டும்.

அன்று மதியம் சூப்பர்வைசர் ஒரு போர்டைக் கொண்டுவந்து நம் மேஜையில் வைத்தார்.

"இதுல என்ன இல்ல, சொல்லுங்க பாப்போம்."

இரண்டு பேரும் குனிந்து பார்த்தோம். நான் ஈயப் புள்ளிகளைப் பார்த்தேன். எல்லாம் சரியாக இருந்தன. நீயும் உதட்டைப் பிதுக்கினாய். அவர் விரலை வைத்துக் காட்டினார். போர்டின் ஓரத்தில், ஒயரைச் சொருகுவதற்காக இருக்க வேண்டிய வெள்ளைக் கனெக்டரே இல்லை. கட்டைவிரல் அளவு பாகம். அது இல்லாமலே நம் இரண்டு பேரின் கண்களையும் தாண்டிப் போயிருக்கிறது. அடுத்த பிரிவில் ஒயரைச் சொருகப் போனவர்கள்தான் கண்டுபிடித்திருக்கிறார்கள்.

"சார், தலைகீழா இருக்கான்னு பாக்கறதுதான் என் லிஸ்ட்ல சார். இல்லாதது எப்படி சார் தலைகீழா இருக்கும்?" என்றாய்.

லைன் முழுக்க மாஸ்க்குக்குள் சிரித்தது. அவருக்குக் கோபம் ஏறிவிட்டது. போர்டில் இருந்த முத்திரை என்னுடையது. "எனக்கும் தெரியல சார்" என்று ஒரு வார்த்தை நான் சொல்லியிருக்க வேண்டும். நான் குனிந்த தலையை நிமிர்த்தவில்லை. பேசியவள் நீ என்பதால் திட்டு முழுவதும் உனக்கே கிடைத்தது. விளக்கக் கடிதமும் உன்னைத்தான் எழுதித் தரச் சொன்னார்.

லாக்கர் அறையில் என்னைப் பிடித்துக்கொண்டாய்.

"முத்திரை யாருது?"

"என்னுதுதான்."

"அப்ப வாயத் தொறந்தா முத்து கொட்டிடுமா?"

"நீயும்தான பாத்த?" என்றேன். அதைத் தவிர வேறு எதையாவது சொல்லியிருக்கலாம்.

"உனக்கு எது வேணுமோ அத மட்டும்தான்டி பாப்ப நீ" என்று சொல்லிவிட்டு, லாக்கர் கதவை அறைந்து சாத்திவிட்டுப் போனாய். அன்று மாலை பஸ்ஸில் முன் சீட்டில் வேறு ஒருத்தி பக்கத்தில் உட்கார்ந்தாய். தாம்பரத்தில் இறங்கும்போது திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.

மறுநாள் காலை மழை கொட்டியது. பஸ் முழுக்க ஈரத் துப்பட்டா வாடை. உன் சீட்டில் என் பையை வைத்து இடம் பிடித்திருந்தேன். நீ ஏறியதும் என்ன சொல்ல வேண்டும் என்று மேடவாக்கத்திலிருந்தே மனதுக்குள் ஓட்டிப் பார்த்துக்கொண்டு வந்தேன். முதலில் "சாரி" சொல்ல வேண்டும். அப்புறம், இன்றைக்கே சூப்பர்வைசரிடம் போய் முத்திரை என்னுடையது என்று சொல்லிவிடுகிறேன் என்று சொல்ல வேண்டும். "போடி ஊமச்சி" என்று நீ சொன்னால் சிரிக்க வேண்டும், சொல்லாவிட்டால் பெருங்களத்தூர் வரை சும்மா இருக்க வேண்டும். இப்படி ஒவ்வொன்றாக யோசித்து வைத்திருந்தேன்.

தாம்பரம் ஸ்டேஷன் நடைபாலம் இறங்கும் இடத்தில் பஸ் நின்றது. அந்த நிறுத்தத்தில் ஏறுகிறவர்கள் ஏறிவிட்டார்கள். நம் பஸ்ஸில் ஒரு வழக்கம் உண்டே. யாராவது வரவில்லை என்றால், பக்கத்தில் உட்காருகிறவளைத்தான் டிரைவர் அண்ணா கேட்பார். அவள் "வரா" என்றால் இன்னும் ஒரு நிமிடம் நிற்பார். "வரல" என்றால் கிளம்பிவிடுவார். பஸ் தாமதமானால் எல்லோருக்கும் லேட் மார்க் விழும். அதனால் அந்த ஒரு வார்த்தையை யாரும் விளையாட்டாகச் சொல்ல மாட்டோம்.

"இன்னாமா, உன் ஜோடி வர்தா இல்லியா? பின்னாடி ஆரன் அட்ச்சிகினே கீறானுங்கோ."

"இருண்ணா, பாக்கறேன்."

கண்ணாடியை உள்ளங்கையால் துடைத்தேன். நடைபாலப் படியிலிருந்து நிழற்குடை வரைக்கும் ஒருமுறை பார்த்தேன். மறுபடி நிழற்குடையிலிருந்து படி வரைக்கும் பார்த்தேன். குடைகள், தலையில் பிளாஸ்டிக் பை கவிழ்த்தவர்கள், தண்ணீரைக் கிழித்துக்கொண்டு போகும் பைக்குகள். மஞ்சள் எங்கேயும் இல்லை.

"வரலண்ணா. போலாம்."

பஸ் நகர்ந்தது. கோபத்தில் லீவு போட்டுவிட்டாய் என்று நினைத்துக்கொண்டேன். இன்னொன்றையும் மறைக்காமல் சொல்லிவிடுகிறேன். அந்த நேரத்தில் எனக்குள் சின்னதாக ஒரு நிம்மதி இருந்தது. பேசுவதை நாளைக்குத் தள்ளிப் போடலாம் என்ற நிம்மதி. கம்பெனிக்குள் போன் கூடாது. தாம்பரம்தான் கடைசி நிறுத்தம் என்பதால் அங்கேயே போன்களை வாங்கி டோக்கன் போட்டு, பையில் வைத்துக் கட்டிவிட்டார்கள். ஷிஃப்ட் முடிந்துதான் திரும்பக் கிடைக்கும்.

காலை பத்து மணி இருக்கும். சூப்பர்வைசர் வந்து என் விளக்கை அணைத்தார். "கொஞ்சம் வெளிய வாம்மா" என்றார். அவர் அதற்கு முன் என்னை அம்மா போட்டுக் கூப்பிட்டதில்லை. வண்டலூர் தாண்டி ரோட்டில் தண்ணீர் தேங்கியிருக்கிறது, அடியில் இருந்த பள்ளம் தெரியவில்லை, ஷேர் ஆட்டோ கவிழ்ந்துவிட்டது என்று என்னவோ சொல்லிக்கொண்டே போனார். உன் பெயரைச் சொன்னார்.

"இல்ல சார். அவ இன்னிக்கு வரல சார்" என்றேன்.

"வந்துட்டுதான்மா இருந்திருக்கு. கம்பெனி ஐடி கார்டு கழுத்துல இருந்திருக்கு."

"இல்ல சார், நான் பாத்தேன் சார். ஸ்டாப்பிங்ல அவ இல்ல."

நீ இறந்துவிட்டாய் என்று அவர் சொல்லச் சொல்ல, நீ லீவு என்று நான் அவரோடு வாதாடிக்கொண்டிருந்தேன். அழுகை வரவில்லை. அவர் ஏதோ தப்பாகப் பார்த்துவிட்டார், நான் சரியாகப் பார்த்திருக்கிறேன் என்ற உறுதிதான் இருந்தது.

என் போனை வாங்கித் தந்தார்கள். திறந்ததும் உன் செய்தி. பஸ் கிளம்பிய நேரத்துக்கு வந்திருந்தது.

"பாத்துக்கிட்டே போற. சரி."

அவ்வளவுதான். மூன்று வார்த்தைகள். எத்தனையோ தடவை படித்துவிட்டேன், அதில் உன் குரல் மட்டும் கேட்கவில்லை. "சரி" என்பதை நீ சிரித்துக்கொண்டும் சொல்வாய், முகத்தைத் திருப்பிக்கொண்டும் சொல்வாய். முந்தைய நாள் சண்டைக்காக நான் பழி வாங்கிவிட்டேன் என்று நினைத்தாயா? அப்படி நினைத்துக்கொண்டேதான் ஆட்டோவில் ஏறினாயா? வண்டலூர் போய்ச் சேரும் வரை உன் மனதில் இருந்தது நான்தானா?

அன்று மாலை உன் லாக்கரை ஆளை வைத்துத் திறந்தார்கள். உள்ளே மஞ்சள் ரெயின்கோட் தொங்கிக்கொண்டிருந்தது. கோபத்தில் மறந்துவிட்டுப் போயிருக்கிறாய். நான் தாம்பரத்தில் தேடிய மஞ்சள், என் லாக்கருக்குப் பக்கத்திலேயே இருந்திருக்கிறது.

மறுநாள் முடிச்சூரில் உன் வீட்டுத் தெருவில் முழங்கால் தண்ணீர். பெஞ்சுகளைப் போட்டு அவற்றின் மேல் நடந்து வந்தார்கள். சர்ச்சிலிருந்து வந்தவர்கள் மெல்லப் பாடிக்கொண்டிருந்தார்கள். உன் அம்மா உன் போனைக் கையில் இறுக்கிப் பிடித்திருந்தார். என்னைக் கண்டதும் எழுந்துவிட்டார்.

"இது உனக்குத்தான அனுப்புனா?"

"ஆமாம்மா."

"எம் புள்ளைய பாத்துக்கிட்டே போனியா நீ?"

"இல்லம்மா. நான் பாக்கலம்மா."

"பாக்கலன்னா அவ ஏன் இப்படி எழுதறா? எம் பொண்ணு பொய் சொல்லுவாளா?"

நீ பொய் சொல்ல மாட்டாய். நானும் சொல்லவில்லை. இரண்டும் எப்படி உண்மையாக இருக்க முடியும் என்று எனக்கே அப்போது தெரியவில்லை. கூட்டத்தில் யாரோ, "முந்தா நாள் ரெண்டு பேருக்கும் சண்டையாமே" என்றார்கள். அதற்குப் பிறகு யாரும் என்னிடம் எதுவும் கேட்கவில்லை. அவர்களுக்கு வேண்டிய பதில் கிடைத்துவிட்டது.

நான்கு நாள் கழித்து, பஸ் நேரத்துக்கு முன்பே கிளம்பியதா என்று கம்பெனியில் விசாரணை. பஸ் கேமராவில் பதிவானதைப் பார்க்க டிரான்ஸ்போர்ட் சார் என்னைக் கூப்பிட்டார். நம் பஸ்ஸில் கேமரா இருப்பதையே நாம் மறந்துவிட்டோம். டிரைவர் தலைக்கு மேலே ஒன்று, பின் கண்ணாடியில் ஒன்று. முன் கேமராவில் இடது பக்க ஜன்னல்களும், அவற்றுக்கு வெளியே தெருவும் தெரிகின்றன.

திரையில் நான் இருந்தேன். கண்ணாடியைத் துடைத்தேன். துடைத்த வட்டத்துக்கு அந்தப் பக்கம், நேராக, நான்கு கை தூரத்தில் நீ நின்றிருந்தாய். கணுக்கால் வரை தொங்கும் கருநீல ரெயின்கோட். தலையில் அதன் தொப்பி. உனக்கும் பஸ்ஸுக்கும் நடுவே பைக்குகள் விடாமல் போய்க்கொண்டிருந்ததால் உன்னால் நடைபாதையிலிருந்து இறங்கி வர முடியவில்லை. வலது கையைத் தூக்கி ஆட்டிக்கொண்டிருந்தாய். என் முகம் படியிலிருந்து நிழற்குடைக்குப் போகிறது, உன்னைக் கடக்கிறது. நிழற்குடையிலிருந்து திரும்பி வருகிறது, மறுபடியும் உன்னைக் கடக்கிறது. இரண்டாவது தடவை ஒரு விநாடி உன் மேலேயே நிற்கிறது. பிறகு என் உதடுகள் அசைகின்றன.

அந்த இடத்தில் சார் நிறுத்தினார். உன் தூக்கிய கையும் என் கண்களும் ஒரே படத்தில் இருந்தன.

"பாக்கலன்னு எழுதிக் குடுத்திருக்கியேம்மா."

"பாக்கல சார்."

"இதோ பாத்துட்டுதானம்மா இருக்க."

அவர் சொல்வது சரி. திரையில் இருக்கும் பெண் உன்னைப் பார்க்கிறாள். அவளை எனக்குத் தெரியும், அவள் நான்தான். ஆனால் அவள் பார்த்தது எனக்கு வந்து சேரவே இல்லை. கல்லூரியில் கண்ணைப் படம் வரைந்து பாகங்கள் குறித்திருக்கிறேன், முழு மதிப்பெண் வாங்கியிருக்கிறேன். வெளிச்சம் உள்ளே போகிறது, லென்ஸ் அதை வளைக்கிறது, பின்னால் விழித்திரையில் படம் விழுகிறது. அதோடு பாடம் முடிந்துவிடும். உன் படமும் அன்று என் கண்ணுக்குள் விழுந்துதான் இருக்க வேண்டும். தூக்கிய கையோடு, தலைகீழாக, சின்னதாக. விழுந்த படத்தை எடுத்துப் பார்க்க வேண்டியவள் மஞ்சளைத் தேடிக்கொண்டிருந்தாள். உன்னிடம் எப்படி மன்னிப்புக் கேட்பது என்று யோசித்துக்கொண்டிருந்தாள். உன்னைப் பற்றியே நினைத்துக்கொண்டிருந்ததால் உன்னைப் பார்க்கவில்லை என்று சொன்னால் யார் நம்புவார்கள்?

யாரும் நம்பவில்லை. "கண்ணாடி ஆவி பிடிச்சிருக்கும், அப்படியே சொல்லிடு" என்றார் என் அம்மா. கண்ணாடியை நான் துடைத்தது வீடியோவில் இருக்கிறது. தெருவில் யாராவது என் வேலையைப் பற்றிக் கேட்டால் இப்போது அப்பா சிரிப்பதில்லை. டிரைவர் அண்ணா மட்டும் ஒருநாள், "நானும் எறங்கிப் பாத்துருக்கணும், உன்னிய கேட்டது என் தப்புமா" என்றார். அதற்குப் பிறகு அவர் யாரையும் கேட்பதில்லை, தானே படியில் இறங்கி நின்று பார்க்கிறார். நம் லிஸ்ட்டில் 'கனெக்டர் இருக்கிறதா' என்று ஒரு வரி சேர்த்திருக்கிறார்கள். உன் இடத்தில் வந்த பெண் அதை ஒவ்வொரு போர்டிலும் விரல் வைத்துத் தேடுகிறாள். அவள் அப்படித் தேடும்போது, வேறு எது அவள் விரலுக்குப் பக்கத்திலேயே கடந்து போகிறதோ என்று அந்தப் போர்டை நான் இன்னொரு தடவை பார்க்கிறேன்.

மூன்று வாரம் கழித்து உன் அம்மா கம்பெனிக்கு வந்தார். கூட உன் மாமா. வீடியோவைத் தன் கண்ணால் பார்க்க வேண்டும், பார்க்கும்போது நானும் அந்த அறையில் இருக்க வேண்டும் என்று கேட்டிருந்தார். சார் தன் நாற்காலியில் அவரை உட்கார வைத்தார். நான் பின்னால், சுவரோடு ஒட்டி நின்றேன்.

படம் ஓடியது. உன் அம்மா திரைக்கு மிக அருகில் குனிந்துகொண்டார். "இதோ இவதான்" என்று என்னைக் காட்டினார். நான் கண்ணாடியைத் துடைப்பது, தலையைத் திருப்புவது, உதட்டை அசைப்பது என்று ஒவ்வொன்றையும் மூச்சு விடாமல் பார்த்தார். முடிந்ததும், "இன்னொரு தடவ போடுங்க சார்" என்றார். போட்டார்கள். மறுபடி முடிந்தது.

அவர் சாரை நிமிர்ந்து பார்த்தார். குரலில் கோபம் ஏறியிருந்தது.

"இதுல பாப்பா எங்க சார்? எம் பொண்ணு இல்லாத வீடியோவப் போட்டுக் காட்டறீங்க?"

மவுஸின் மேல் இருந்த சாரின் கை அப்படியே நின்றுவிட்டது. உன் மாமா என்னைப் பார்த்தார், திரையைப் பார்த்தார், தலையைக் குனிந்துகொண்டார். உன் அம்மாவுக்கும் தெரியவில்லை. உன்னைப் பெற்றவருக்கு. திரையின் நடுவில் நீ கையை ஆட்டிக்கொண்டிருக்க, அவர் என் முகத்தில் எதையோ தேடிக்கொண்டிருந்தார்.

வேறு யாரும் சொல்லப் போவதில்லை என்று தெரிந்ததும் நான் முன்னால் போனேன். விரலைத் திரையில் வைத்தேன்.

"இங்கம்மா."

"இது யாரோ ஆம்பள..." என்று ஆரம்பித்தார். பாதியில் நிறுத்தினார். பிறகு மிக மெதுவாகச் சொன்னார். "இது அவ அப்பா கோட்டு. நான்தான் குடுத்தேன். நான்தான் காலைல தொப்பிய இழுத்துத் தலைல மாட்டி விட்டேன்."

சேலைத் தலைப்பை வாயில் அழுத்திக்கொண்டார். அழவில்லை. பயந்து போனவரைப் போலத் திரையையே பார்த்துக்கொண்டிருந்தார். என் பக்கம் திரும்பாமலே, "நானும் பாக்கலையே" என்றார்.

மன்னித்துவிட்டேன் என்று அவர் சொல்லவில்லை. அதை நான் எதிர்பார்க்கவும் இல்லை. கொஞ்ச நேரம் கழித்து, பின்னாடி கேமராவில் ஏதாவது தெரியுமா என்று கேட்டார். சார் தேடி எடுத்துப் போட்டார். பஸ் நகர்கிறது. நீ சிறிதாகிக்கொண்டே போகிறாய். கை இறங்குகிறது. கோட்டுக்குள் கைவிட்டுப் போனை எடுக்கிறாய். மழை படாமல் குனிந்து ஏதோ தட்டுகிறாய். ஒரு பஸ் குறுக்கே வந்து உன்னை மறைத்துவிடுகிறது.

"சிரிக்கிறா" என்றார் உன் அம்மா.

சார் தயங்கினார். "அவ்ளோ க்ளியரா தெரியலம்மா. தூரமா இருக்கு, மழை வேற."

"எனக்குத் தெரியுது சார். சிரிச்சுக்கிட்டேதான் எழுதறா. தோளப் பாருங்க." பிறகு என்னைக் கூப்பிட்டார். "நீ பாரு. சிரிக்கிறா இல்ல?"

மறுபடி ஓட்டினார்கள். நான் உன்னை மட்டும் பார்த்தேன். வேறு எதையும் தேடவில்லை. மழைக் கோடுகளுக்கு அந்தப் பக்கம் ஒரு கருநீலத் தீற்றல், அதன் உச்சியில் வெளிறிய ஒரு புள்ளி. அந்தப் புள்ளிதான் உன் முகம். அதில் கண் இல்லை, வாய் இல்லை. தோள் குலுங்கியதா, போனைத் தட்டும்போது அசைந்ததா, என்னால் சொல்ல முடியவில்லை. ஆமாம் என்று சொல்லிவிட வேண்டும் என்று நாக்கு நுனி வரை வந்தது. உன் அம்மாவுக்காக மட்டும் இல்லை, எனக்காகவும்தான். ஆனால் பார்க்காததைப் பார்த்ததாக அவரிடம் சொல்ல எனக்குத் துணிவில்லை.

"எனக்குத் தெரியலம்மா" என்றேன்.

அவர் எழுந்து என் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டார். வலிக்கிற மாதிரிப் பிடி.

"உனக்குத் தெரியலன்னா அவ சிரிக்கலன்னு ஆயிடுமா?"

திட்டினாரா, தேற்றினாரா என்று இன்றுவரை எனக்குப் புரியவில்லை. பிடியை விட்டுவிட்டு மாமாவோடு போய்விட்டார். நான் திரும்பி வந்து விளக்கைப் போட்டு உட்கார்ந்தேன். அன்று எத்தனை போர்டு பார்த்தேன் என்று நினைவில்லை.

அந்தக் கேள்வி மட்டும் என்னோடு வந்துவிட்டது. பஸ்ஸில் வருகிறது, சாப்பிடும்போது வருகிறது, முத்திரையை எடுக்கும்போது கையைப் பிடித்து நிறுத்துகிறது. நான்கு கை தூரத்தில் நீ நின்றாய். துடைத்த கண்ணாடி வழியாக இரண்டு தடவை பார்த்தேன், நீ இல்லை என்று சொன்னேன். நீ இருந்தாய். இதுதான் என்னால் தாங்க முடியாதது. வேறு பிடிமானம் இல்லாததால் இதையேதான் பிடித்துக்கொண்டும் இருக்கிறேன். அந்த வெளிறிய புள்ளியை இதுவரை மனதுக்குள் எத்தனையோ தடவை ஓட்டிப் பார்த்துவிட்டேன். அதில் ஒரு சிரிப்பு எனக்குத் தெரியவில்லை.

எனக்குத் தெரியவில்லை, அவ்வளவுதான். இல்லை என்று மட்டும் நான் இனிமேல் யாரிடமும் சொல்ல மாட்டேன்.